'லேசாத்தான் ஷாக் அடிக்குது' என்று விடாதீர்கள்: வீட்டுக்கு ஆர்.சி.சி.பி. மாட்ட ஒரு முழு வழிகாட்டி

எங்கள் அம்மா வீட்டு அடுக்களையில் ஒரு கிரைண்டர் இருந்தது. ஈரக்கையோடு தொட்டால் சுர்ரென்று இழுக்கும். "செருப்பு போட்டுட்டுத் தொடு மக்ளே" என்பார் அம்மா. அதற்கென்றே ஒரு ஜோடி ரப்பர் செருப்பு கிரைண்டருக்குப் பக்கத்தில் கிடக்கும். மாவாட்டப் போகும் எல்லோரும் அதை மாட்டிக்கொண்டுதான் நிற்போம். இப்படியே பல வருடம் ஓடியது. ஒரு ஐப்பசி மழை நாளில் ஓட்டு இடுக்கு வழியாக ஒழுகித் தரையெல்லாம் ஈரம். அம்மா அவசரத்தில் வெறுங்காலோடு நின்று தொட்டார். கை ஒட்டிக்கொண்டது. தம்பி ஓடிப்போய் மெயினை இறக்கியதால் பிழைத்தார்.

அன்றைக்கு பியூஸ் போகவில்லை. பியூஸுக்குப் பதிலாக வரும், கரண்ட் அதிகமானால் தானே அணையும் சுவிட்சான எம்.சி.பி.யும் விழவில்லை. இதுதான் என்னை உலுக்கியது. அதன் பிறகுதான் விவரம் தெரிந்த வயர்மேன்களிடம் கேட்டுக் கேட்டு, எங்கள் வீட்டிலும் சொந்தக்காரர் வீடுகளிலும், கரண்ட் கசிந்தால் தானே அணையும் ஆர்.சி.சி.பி. என்ற பாதுகாப்புக் கருவியை மாட்ட வைத்தேன். அந்த அனுபவத்தை முழுதாக இங்கே எழுதுகிறேன். ஷாக் அடிக்கும் ஒரு சாமானோடு பழகிப்போன வீடு நம் கன்னியாகுமரி மாவட்டத்தில் தெருவுக்கு ஒன்றாவது இருக்கும். இது அந்த வீட்டுக்காரர்களுக்காக.

பியூஸ் ஏன் நம்மைக் காப்பாற்றாது

நம் வீட்டுக்கு வருவது 230 வோல்ட். நனைந்த உடம்பின் எதிர்ப்பு ஏறக்குறைய 1000 ஓம் என்று வைத்துக்கொண்டால், உடம்பு வழியாகப் பாய்வது 230 மில்லி ஆம்பியர். பழைய 60 வாட் குண்டு பல்பு எரிய வேண்டிய கரண்டைவிட இது கொஞ்சம் குறைவு. ஒரு பல்பு எரிந்தால் 16 ஆம்பியர் எம்.சி.பி. விழுமா? விழாது. ஒரு மனுஷன் மாட்டிக்கொண்டாலும் அதேபோல் விழாது. பியூஸும் எம்.சி.பி.யும் இருப்பது வயர் சூடாகித் தீப்பிடிக்காமல் இருக்க. நம் உயிருக்கும் அவற்றுக்கும் சம்பந்தமில்லை.

உடம்போ மிகக் குறைந்த கரண்டுக்கே ஆட்டம் காணும். 10 மில்லி ஆம்பியரை ஒட்டி வந்தாலே தசை இறுகி, பிடித்ததை விட முடியாமல் போகலாம். 30 மில்லி ஆம்பியருக்கு மேல், நேரமும் நீண்டால், மூச்சும் இதயத் துடிப்பும் ஆபத்தில் விழும். அதாவது வெறும் 0.03 ஆம்பியர். எம்.சி.பி.யின் கணக்கில் இது ஒன்றுமே இல்லை.

ஆர்.சி.சி.பி. என்ன செய்கிறது

கன்னியாகுமரியில் விவேகானந்தர் பாறைக்குப் படகில் ஆள் போவதை நினைத்துக்கொள்ளுங்கள். காலையில் போனவர்கள் எத்தனை பேரோ அத்தனை பேரும் சாயங்காலம் கரைக்குத் திரும்பியிருக்க வேண்டும். ஒரு தலை குறைந்தால் எங்கோ ஏதோ தப்பு நடந்திருக்கிறது.

கரண்டும் அப்படித்தான். பேஸ் கம்பியில் போனது அத்தனையும் நியூட்ரல் கம்பியில் திரும்பி வர வேண்டும். ஆர்.சி.சி.பி.க்குள் ஒரு இரும்பு வளையம் உண்டு. இரண்டு கம்பிகளும் அந்த வளையத்துக்குள் புகுந்து போகும். போவதும் வருவதும் சமமாக இருக்கும்வரை வளையம் சும்மா இருக்கும். கொஞ்சம் கரண்ட் வேறு வழியில், அதாவது உங்கள் கை வழியாகவோ நனைந்த சுவர் வழியாகவோ மண்ணுக்கு இறங்கினால் கணக்கு உதைக்கும். உடனே விசை விழுந்துவிடும். 30 மில்லி ஆம்பியர் கருவி, கசிவு 30 மில்லியைத் தொட்டால் 0.3 விநாடிக்குள் விழ வேண்டும். கசிவு அதைப்போல் 5 மடங்கானால் 0.04 விநாடிக்குள். நாம் மேலே பார்த்த 230 மில்லி கணக்கு இந்த இரண்டாவது வகை. ஒரு இதயத் துடிப்பு முடிவதற்குள் கரண்ட் நின்றுவிடும். சுளீரென்று ஒரு அடி தெரியும், ஆனால் கை ஒட்டிக்கொண்டு நிற்காது.

இதே வேலையைச் செய்யும் பிளக் பாயிண்ட் அமெரிக்காவில் உண்டு. பிள்ளைகள் வீட்டுக்குப் போய்வந்தவர்கள், குளியலறை பிளக்கில் 'டெஸ்ட்', 'ரீசெட்' என்று இரண்டு பொத்தான்களைப் பார்த்திருப்பார்கள். ஜி.எஃப்.சி.ஐ. என்று அதற்குப் பெயர். பெர்க்லி கலிபோர்னியா பல்கலைக்கழகப் பேராசிரியர் சார்லஸ் டால்சியல் 1961-இல் உருவாக்கியது. சுமார் 5 மில்லி ஆம்பியர் கசிந்தாலே விழும். ஆனால் யாராவது அன்போடு வாங்கி அனுப்பினால் அதை இங்கே மாட்டாதீர்கள். அது அந்த ஊர் 120 வோல்ட்டுக்குச் செய்தது. நம் ஊரில் போர்டிலேயே ஆர்.சி.சி.பி. மாட்டி, அதன் வழியாக எல்லாப் பிளக்குக்கும் காவல் போடுவதுதான் வழக்கம். வளைகுடாவில் வேலை பார்த்துத் திரும்பியவர்களுக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. அங்கே அறையில் இருட்டு வந்தால் "ஈ.எல்.சி.பி. விழுந்திருக்கும்" என்று பார்த்துப் பழகியிருப்பார்கள். கடையில் இன்றும் ஈ.எல்.சி.பி. என்று கேட்டாலும் கையில் தருவது பெரும்பாலும் ஆர்.சி.சி.பி.தான்.

முதல் படி: உங்கள் போர்டில் இப்போது என்ன இருக்கிறது

மீட்டருக்குப் பக்கத்திலோ ஹாலிலோ இருக்கும், வீட்டு லைன்களெல்லாம் பிரியும் டி.பி. பெட்டியின் மூடியை மட்டும் திறந்து பாருங்கள். உள் தகட்டைக் கழற்ற வேண்டாம். அகலமான ஒரு சுவிட்சும், அதன்மேல் 'டி' என்றோ 'டெஸ்ட்' என்றோ போட்ட சின்னப் பொத்தானும் தெரிகிறதா? அதுதான் ஆர்.சி.சி.பி. பொத்தான் இல்லாமல் அகலமாக ஒரு சுவிட்ச் மட்டும் இருந்தால் அது ஐசொலேட்டர், கையால் கரண்டை நிறுத்த மட்டும் உதவுவது. பார்க்க இரண்டும் ஒரே மாதிரி இருக்கும். "வீடு கட்டும்போதே மாட்டியாச்சு" என்று சொன்ன ஒரு சொந்தக்காரர் வீட்டில் நான் பார்த்தது ஐசொலேட்டர்தான். பத்து வருடம் காவல் இருப்பதாக நம்பிக்கொண்டிருந்தார்கள்.

பொத்தான் இருந்தால் எழுத்தையும் படியுங்கள். 30 மில்லி ஆம்பியர் என்றோ 0.03 ஆம்பியர் என்றோ இருக்க வேண்டும். 100, 300 என்று இருந்தால் அது தீவிபத்தைத் தடுக்க உதவும், ஆளைக் காக்க உதவாது. மத்திய மின்சார ஆணையத்தின் பாதுகாப்பு விதிகளும் வீடுகளுக்கு 30 மில்லி ஆம்பியரைத்தான் மேல் எல்லையாக வைத்திருக்கின்றன.

பழைய ஓட்டு வீடுகளில் இரும்பு மெயின் சுவிட்சும் பீங்கான் பியூஸ் கட்டையும் மட்டும் இருக்கும். அங்கே புதிதாக ஒரு டி.பி. பெட்டி வைத்துவிடுவது நல்லது. ஒட்டுப்போட வேண்டாம்.

இரண்டாம் படி: வாங்கும்போது

ஒற்றை பேஸ் வீட்டுக்கு 'இரண்டு போல்' கருவி (பேஸ், நியூட்ரல் என இரண்டு கம்பிக்கு), மூன்று பேஸ் வீட்டுக்கு 'நான்கு போல்' கருவி. ஐ.எஸ். 12640 என்ற எண்ணும் ஐ.எஸ்.ஐ. முத்திரையும் இருக்க வேண்டும். 25, 40, 63 ஆம்பியர் என்று கிடைக்கும். இந்த எண், அதற்கு முன்னால் இருக்கும் எம்.சி.பி.யின் எண்ணைவிடக் குறையக் கூடாது. ஆர்.சி.சி.பி. கசிவை மட்டும்தான் பார்க்கும், ஓவர்லோடைப் பார்க்காது. எனவே எம்.சி.பி.யும் கூடவே வேண்டும். இரண்டு வேலையையும் ஒன்றே செய்வது ஆர்.சி.பி.ஓ.

இன்னொரு விஷயம் கடையில் யாரும் சொல்வதில்லை. இதில் 'ஏ.சி.' வகை என்றும் 'ஏ' வகை என்றும் இரண்டு உண்டு. இன்வெர்ட்டர் வாஷிங் மெஷின், இன்வெர்ட்டர் ஏ.சி., கம்ப்யூட்டர் மாதிரி மின்னணுச் சாமான்களில் ஏற்படும் கசிவை 'ஏ.சி.' வகை சரியாகப் பிடிக்காமல் விடலாம். விலை கொஞ்சம் கூடினாலும் 'ஏ' வகையே கேளுங்கள்.

அப்புறம், வீடு முழுக்க ஒன்றே ஒன்று போதுமா? இல்லாமல் இருப்பதற்கு ஒன்று இருப்பது ஆயிரம் மடங்கு மேல். ஆனால் ஒன்று மட்டும் இருந்தால் வெளியே மோட்டாரில் ஈரம் பட்டதற்கு வீடே இருட்டாகும். இரண்டு நாள் திருவனந்தபுரம் போய்த் திரும்பும்போது பிரிட்ஜில் வைத்த மீன் நாறிக் கிடக்கும். ஒருமுறை அப்படி நடந்தால் வீட்டிலேயே யாராவது "இந்தச் சனியனைக் கழற்று" என்பார்கள், கழற்றியும் விடுவார்கள். அதனால் முடிந்தவர்கள் பிரித்துப் போடுங்கள். குளியலறையும் ஹீட்டரும் ஒன்று, அடுக்களை ஒன்று, கிணற்று மோட்டாரும் வெளிப் பிளக்குகளும் ஒன்று. பிரிட்ஜுக்குத் தனியாக ஒரு ஆர்.சி.பி.ஓ. பணம் இப்போதைக்கு இடம் தராவிட்டால் ஈரம் புழங்கும் இடங்களுக்கு முதலில் மாட்டுங்கள். படுக்கை அறை பிறகு ஆகட்டும்.

மூன்றாம் படி: எர்த் கம்பி

ஆர்.சி.சி.பி. வேலை செய்ய எர்த் தேவையில்லை என்று சிலர் சொல்வார்கள். பாதி உண்மை. எர்த் இல்லாவிட்டாலும் விழும். ஆனால் எப்போது விழும்? நீங்கள் தொட்டு, உங்கள் உடம்பு வழியாகக் கரண்ட் போன பிறகு. எர்த் சரியாக இருந்தால், கிரைண்டரின் உடம்புக்குக் கரண்ட் வந்த அந்தக் கணமே, யாரும் தொடுவதற்கு முன்னால் விழும். இந்த வித்தியாசம் பெரிது.

எங்கள் அம்மா வீட்டு கிரைண்டரில் வயர்மேன் கண்டுபிடித்ததும் இதைத்தான். மூன்று முள் பிளக்கின் பெரிய முள்ளில் எர்த் கம்பியே மாட்டியிருக்கவில்லை. யாரோ பிளக் மாற்றும்போது பச்சை வயரை வெட்டிச் சுருட்டி உள்ளே விட்டிருந்தார்கள். அந்த முள் மற்ற இரண்டைவிட நீளமாக இருப்பதற்குக் காரணம் உண்டு. சொருகும்போது எர்த் முதலில் சேர வேண்டும், பிடுங்கும்போது கடைசியில் விலக வேண்டும். அதை வெட்டுவதும், இரண்டு முள் அடாப்டர் போட்டு ஒப்பேற்றுவதும் அந்தக் காவலை நாமே அழிப்பது.

குளச்சல், முட்டம், மணக்குடி பக்கம் மணல் பூமி. கோடையில் மணல் காய்ந்தால் எர்த் குழியின் எதிர்ப்பு ஏறிவிடும். குலசேகரம், அருமனைப் பக்கம் செம்மண்ணும் வெட்டுக்கல்லும். குழி ஆழமாகப் போகாமல் கல்லில் முட்டும். இந்த மாதிரி இடங்களில்தான் ஆர்.சி.சி.பி.யின் அருமை தெரிகிறது. எர்த்தின் எதிர்ப்பு சில நூறு ஓம் ஆகிவிட்டால் எம்.சி.பி. விழவே விழாது, ஆனால் 30 மில்லி ஆர்.சி.சி.பி. விழுந்துவிடும். அதற்காக எர்த் குழியைக் கவனிக்காமல் விடக் கூடாது. வழக்கமான முறை, இரண்டரை மீட்டர் ஜி.ஐ. குழாயை (துத்தநாகம் பூசிய இரும்புக் குழாய்) நட்டு, சுற்றிலும் கரியும் உப்பும் போட்டு, மேலே தண்ணீர் ஊற்ற ஒரு புனல் வைப்பது. மாசி, பங்குனி, சித்திரையில் வாரம் ஒருமுறை ஒரு குடம் தண்ணீர் ஊற்றுங்கள். வயர்மேனிடம் எர்த் டெஸ்டர் வைத்து அளந்து, எண்ணைச் சொல்லச் சொல்லுங்கள். கைடெஸ்டரில் பல்பு எரிவதைக் காட்டி "எர்த் இருக்கு" என்றால் ஒத்துக்கொள்ளாதீர்கள்.

இங்கே ஒரு கொடிய பழக்கத்தைச் சொல்லியாக வேண்டும். எர்த் இல்லாத வீட்டில், பிளக்குக்கு உள்ளேயே நியூட்ரலையும் எர்த்தையும் ஒரு துண்டு வயரால் இணைத்துவிடுகிறார்கள். டெஸ்டர் வைத்தால் எல்லாம் சரியாக இருப்பதுபோல் தெரியும். என்றைக்காவது காற்றுமழையில் கம்பத்து நியூட்ரல் அறுந்தால், பிரிட்ஜ், வாஷிங் மெஷின் உடம்பு முழுக்க 230 வோல்ட் வந்து நிற்கும். அப்படி ஒரு துண்டு உங்கள் வீட்டில் இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள், இருந்தால் அன்றே எடுக்கச் சொல்லுங்கள். தண்ணீர்க் குழாயில் எர்த் கட்டுவதும் கூடாது. இப்போது பாதிக் குழாய் பிளாஸ்டிக்.

நான்காம் படி: மாட்டும் நாள்

இதை நீங்களே செய்யாதீர்கள். தகுதிச் சான்றிதழ் உள்ள வயர்மேனைக் கூப்பிடுங்கள். கூட நின்று இவற்றை மட்டும் பாருங்கள்: மெயினை இறக்கி, கரண்ட் இல்லை என்று சோதித்த பிறகுதான் கை வைக்கிறாரா, பேஸும் நியூட்ரலும் இரண்டுமே ஆர்.சி.சி.பி. வழியாகப் போகின்றனவா, ஒவ்வொரு ஆர்.சி.சி.பி.க்கும் அதனதன் நியூட்ரல் கட்டை தனியாக இருக்கிறதா, திருகாணிகள் இறுகியிருக்கின்றனவா. நியூட்ரலைக் கலந்து போட்டால் விளக்குப் போட்டதும் விழும். அதைக் "கருவி சரியில்லை" என்று சொல்லிவிடுவார்கள்.

பழைய வீட்டில் மாட்டிய உடனே விழுந்தால் பயப்பட வேண்டாம். இத்தனை நாள் தெரியாமல் இருந்த கசிவைக் கருவி காட்டிக்கொடுக்கிறது. எல்லா எம்.சி.பி.யையும் இறக்குங்கள். ஆர்.சி.சி.பி.யை ஏற்றுங்கள். ஒவ்வொரு எம்.சி.பி.யாக ஏற்றிக்கொண்டே வாருங்கள். எதை ஏற்றும்போது விழுகிறதோ, குற்றம் அந்த லைனில். அந்த லைனில் உள்ள சாமான்களின் பிளக்கையெல்லாம் பிடுங்கிவிட்டு மறுபடி ஏற்றுங்கள். நின்றால், சாமான்களில் ஒன்று கசிகிறது; ஒவ்வொன்றாகச் சொருகினால் பிடித்துவிடலாம். எல்லாவற்றையும் பிடுங்கிய பிறகும் விழுந்தால் சுவருக்குள் ஓடும் வயரில் குற்றம் இருக்கலாம், அல்லது நியூட்ரல் கலந்திருக்கலாம். எங்கள் அனுபவத்தில் குற்றவாளியாக முதலில் சிக்கியது வாட்டர் ஹீட்டர், அடுத்தது மாடியில் மழை நனைந்த சுவிட்ச் பெட்டி.

"அடிக்கடி விழுது, நேரடியா கொடுத்திருங்க" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். அந்த வார்த்தைக்கு இணங்கும் வயர்மேனையும் அடுத்தமுறை கூப்பிடாதீர்கள்.

இன்வெர்ட்டர் உள்ள வீட்டுக்காரர்களுக்கு: மெயின் போர்டில் இருக்கும் ஆர்.சி.சி.பி., கரண்ட் போன நேரத்தில் இன்வெர்ட்டர் லைனைக் காக்கும் என்று நம்பாதீர்கள். அந்த லைனுக்கு என்ன ஏற்பாடு என்று வயர்மேனிடம் தனியாகக் கேளுங்கள். கரண்ட் போயிருக்கிறதே என்று அந்த நேரம் பார்த்து சுவிட்ச் போர்டைக் கழற்றவும் வேண்டாம்.

வீட்டுக்கு வெளியே

நம் மாவட்டத்துக்கு இரண்டு மழையும் உண்டு. ஆனியில் தொடங்கினால் கார்த்திகை வரை சுவர் காய நேரமில்லை. கிணற்றடி மோட்டார் சுவிட்ச், வாஷிங் மெஷின் வைத்த பின்தாழ்வாரம், ரப்பர் ஷீட் அடிக்கும் புரை, விளையில் இருக்கும் பம்ப்செட் எல்லாம் நனைந்தே கிடக்கும். அங்கே மூடியுள்ள, மழை புகாத பிளாஸ்டிக் பெட்டிதான் வேண்டும். கடலோர வீடுகளில் உப்புக்காற்று திருகாணியை அரித்துவிடும். வருடம் ஒருமுறை திறந்து பார்க்கச் சொல்லுங்கள்.

துணி காயப்போட இரும்புக் கம்பிக் கொடி கட்டுவது இன்னும் நிற்கவில்லை. வீட்டுக்கு வரும் சர்வீஸ் வயரைத் தாங்கும் குழாயிலோ, ஈ.பி. கம்பத்திலோ, அதன் இழுவைக் கம்பியிலோ கொடியின் ஒரு முனையைக் கட்டுகிறார்கள். தோல் உரிந்த வயர் அந்தக் குழாயைத் தொட்டால் நனைந்த துணியோடு போகிறவர் கதி என்ன? இது கரண்ட் ஆர்.சி.சி.பி.க்கு வந்து சேரும் முன்பே நடப்பது, அதற்குத் தெரியவே தெரியாது. நைலான் கயிறு கட்டுங்கள். அலுமினியத் தோட்டியால் தேங்காயும் மாங்காயும் பறிப்பதும் அப்படித்தான். தோட்டி லைன் கம்பியில் பட்டால் உங்கள் வீட்டுக் கருவி எதுவும் செய்ய முடியாது.

மார்கழியில் வாசலில் ஸ்டாரும் குடிலும் சீரியல் லைட்டும் போடுவோம். கோவில் கொடைக்கும் பந்தலில் போடுவோம். மெல்லிய இரண்டு வயர், ஒட்டுக்கு மேல் ஒட்டு, பனி. இதற்கெல்லாம் கரண்ட் எடுக்கும் பிளக், ஆர்.சி.சி.பி.க்குப் பின்னால் இருக்கும் பிளக்தானா என்று பார்த்துவிட்டு எடுங்கள். வாளியில் போடும் ஹீட்டர் ராடை முடிந்தால் தூக்கியே போட்டுவிடுங்கள். முடியாதென்றால், பிளக்கைப் பிடுங்கிய பிறகே தண்ணீரில் விரல் வைப்பது என்று வீட்டில் எல்லோரையும் பழக்குங்கள்.

கருவியால் முடியாத இன்னொன்றும் உண்டு. ஒரு கையில் பேஸும் மறு கையில் நியூட்ரலும் பிடித்து, தரையோடு தொடர்பில்லாமல் நீங்கள் நின்றால், போனதும் வந்ததும் சரியாக இருக்கும். வளையத்தின் கணக்கில் நீங்களும் ஒரு பல்பு. அது விழாது. அதனால் ஆர்.சி.சி.பி. இருக்கிறதென்ற தைரியத்தில் கரண்டோடு வேலை செய்யக் கூடாது.

மாதம் ஒருமுறை

டெஸ்ட் பொத்தானை மாதம் ஒருமுறை அழுத்த வேண்டும். அழுத்திய உடனே விழ வேண்டும். விழாவிட்டால் மாற்றுங்கள், பார்த்துக்கொள்ளலாம் என்று தள்ளாதீர்கள். நீண்ட நாள் அசையாமல் கிடந்தால் உள்ளே இயங்கும் பாகம் இறுகிவிடும். கடலோரத்தில் இன்னும் சீக்கிரம். நான் மாதத்தின் முதல் ஞாயிற்றுக்கிழமை வைத்திருக்கிறேன். இந்தப் பொத்தான் கருவியைத்தான் சோதிக்கிறது, எர்த்தைச் சோதிப்பதில்லை. எர்த்தை வயர்மேன்தான் அளக்க வேண்டும்.

2017 நவம்பர் 30-ஆம் தேதி ஒக்கிப் புயல் அடித்ததை யாரும் மறந்திருக்க மாட்டோம். கம்பங்களும் மரங்களும் சாய்ந்து, பல ஊர்கள் நாள்கணக்கில் இருட்டில் கிடந்தன. அப்படி ஒரு மழைக்கு அறிவிப்பு வந்தால், வீட்டுக்குள் தண்ணீர் ஏறும் முன்பே மெயினை இறக்கிவிடுங்கள். தண்ணீர் வடிந்த பிறகு வயர்மேன் பார்க்காமல் ஏற்ற வேண்டாம். அறுந்து கிடக்கும் கம்பி எதையும் நெருங்காமல், மற்றவர்களையும் நெருங்கவிடாமல், மின்வாரியத்தின் புகார் மையமான மின்னகத்தின் 94987 94987 எண்ணுக்குச் சொல்லுங்கள்.

யாராவது மாட்டிக்கொண்டால்

தொடாதீர்கள். முதலில் மெயினை இறக்குங்கள். மெயின் எங்கே இருக்கிறது, எந்தப் பக்கம் இறக்க வேண்டும் என்று வீட்டில் குழந்தைகள் உட்பட எல்லோருக்கும் தெரிந்திருக்க வேண்டும். மெயினுக்குப் போக வழியில்லாவிட்டால், காய்ந்த பலகைமேல் நின்று, காய்ந்த மரக்கம்பால் வயரைத் தள்ளுங்கள். இது வீட்டு லைனுக்கு மட்டும். தெருக் கம்பி என்றால் கம்பால்கூட நெருங்கக் கூடாது.

விடுபட்டதும் 108-ஐ அழையுங்கள். கூப்பிட்டால் அசைவில்லை, மூச்சும் இல்லை என்றால் தாமதிக்க வேண்டாம். மல்லாக்கக் கிடத்தி, நெஞ்சின் நடுவில் இரண்டு உள்ளங்கையையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து, 5 முதல் 6 சென்டிமீட்டர் இறங்கும்படி, நிமிடத்துக்கு 100 முதல் 120 தடவை அழுத்துங்கள். ஆம்புலன்ஸ் வரும்வரை ஆள் மாற்றி ஆள் அழுத்துங்கள்.

எழுந்து உட்கார்ந்து "ஒண்ணுமில்ல, தண்ணி குடு" என்றாலும் வீட்டில் வைத்துக்கொள்ளாதீர்கள். தோலில் சின்னப் புண்தான் தெரியும். உள்ளே கரண்ட் போன பாதையில் காயம் இருக்கலாம், இதயத் துடிப்பும் பிறகு தடுமாறலாம். ஆசாரிப்பள்ளம் அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கோ, பக்கத்தில் இருக்கும் வேறு மருத்துவமனைக்கோ கொண்டுபோய், ஷாக் அடித்தது என்று முதலிலேயே சொல்லி, ஈ.சி.ஜி. எடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள்.